புறாவுக்கு எத்தனை பெயர்

ஓர் ஊரின் சரித்திரத்தைப் பாடசாலை வரவு இடாப்பில் வாசிக்கலாம் என்பது என் அபிப்பிராயம். இருபது வருடங்களுக்கு மேலாக இடாப்புக் கூப்பிட்டு வருபவன் என்ற உரிமையில் இதைச் சொல்கிறேன். என் உம்மம்மா காலத்து மீராலெவ்வையும் ஆதம்பாவாவும் பாத்தும்மாவும் இடாப்பிலிருந்து எப்போதோ போய்விட்டார்கள். பிறகு றிஸ்வான்களும் பர்ஸானாக்களும் வந்தார்கள். இப்போது வருபவை நீண்ட அரபுப் பெயர்கள். முதலாம் வகுப்புப் பிள்ளை தன் பெயரை முழுதாக எழுதி முடிக்க இரண்டு தவணை பிடிக்கிறது.

ஆனால் எந்தக் காலத்துப் பெயரானாலும் அதற்கு அர்த்தம் தேடப்படுவது, பிள்ளை பிறந்து அகீகா கொடுக்கும் அந்த ஏழு நாட்களுக்குள்தான். பிறகு அது வெறும் சத்தமாகிவிடும். ஷாஹீன் என்று எத்தனையோ பிள்ளைகளைக் கூப்பிட்டிருக்கிறேன். பாரசீகத்தில் அது வல்லூறு. ஹுமா, பாரசீகக் கதைகளில் வரும் பறவை; அதன் நிழல் விழுந்த தலையில் கிரீடம் ஏறும் என்பது ஐதீகம். யமாமா காட்டுப்புறா. என் வகுப்பறைக்குள் இவ்வளவு பறவைகள் இருப்பதை நானே கவனித்ததில்லை. கவனிக்க வைத்தது கடல் கடந்து பிறந்த ஒரு பிள்ளையின் பெயர்.

என் மூத்த ராத்தாவின் மகன் கிளாஸ்கோவில் படிக்கப் போய் அங்கேயே தங்கிவிட்டவன். அங்குள்ள ஒரு பெண்ணை, அவள் இஸ்லாத்தை ஏற்ற பின் நிக்காஹ் செய்துகொண்டான். அவர்களுக்கு ஓர் ஆண் குழந்தை பிறந்தது. மருமகள் தன் தந்தையின் பெயரைப் பிள்ளைக்கு வைக்க விரும்பினாள். அந்த மனிதர் குழந்தை பிறப்பதற்குச் சில மாதங்களுக்கு முன்புதான் இறந்துபோயிருந்தார். பெயர் கலம்.

ராத்தா என்னைக் கூப்பிட்டனுப்பினா. முகம் சரியில்லை.

"தம்பி, புள்ளக்கி கலம் எண்டு பேரு வெச்சிருக்கானாம். எழுதுற கலமா, சோறு தின்ற கலமா எண்டு எனக்கு வெளங்கல்ல. பள்ளிக்குப் போனா கேக்குறாங்க. நீ படிச்சவன். பார்த்துச் சொல்லு."

அட்டாளைச்சேனை ஆசிரியர் கலாசாலையில் எங்களுக்கு மொழியியலும் கொஞ்சம் கற்பித்தார்கள். சொல்லின் பிறப்பைத் தேடும் பழக்கம் அங்கே தொற்றியது. இந்தத் தடவை தேடல் கிழக்கு மாகாணத்தில் தொடங்கி அயர்லாந்து வரை போயிற்று.

கலம் என்பது ஸ்கொட்லாந்தின் பழைய மொழியான கேலிக்கில் வழங்கும் பெயர். அயர்லாந்தில் அதையே கொலம் என்பார்கள். இரண்டுக்கும் தாய் லத்தீன் மொழியின் கொலும்பா என்ற சொல். பொருள் புறா. இதில் ஒரு வேடிக்கை உண்டு. லத்தீனில் கொலும்பா பெண்பாற் சொல். ஆண்புறாவைச் சொல்ல கொலும்பஸ் என்ற தனி வடிவம் இருக்கிறது. அமெரிக்காவுக்குக் கப்பலோட்டிய மனிதரின் பெயரில் நாம் அறிந்த அதே சொல். இருந்தும் அயர்லாந்துக்காரர்கள் பெண்பாற் சொல்லையே ஆணுக்குப் பெயராக்கி, ஆயிரத்து நானூறு வருடங்களாக எந்தக் கூச்சமுமின்றி வழங்கி வருகிறார்கள்.

இந்தப் பெயரை அந்தத் தீவுகளில் நிலைக்கச் செய்தவர் ஒரு துறவி. சுமார் 521ஆம் ஆண்டில், அயர்லாந்தின் வடமேற்கிலுள்ள டொனகோலில், ஆளும் குலமொன்றில் பிறந்தவர். முதலில் அவருக்கு நரி என்று பொருள்படும் கிரிம்தன் என்ற பெயர் இருந்ததாக ஒரு மரபு சொல்கிறது. நரி புறாவானது எப்போது என்பது தெளிவில்லை. ஐரிஷ் மக்கள் அவரைக் கொலம் கில்லே, அதாவது தேவாலயத்தின் புறா என்று அழைத்தார்கள். லத்தீனில் எழுதியோர் கொலும்பா என்றனர்.

புறா என்ற பெயருக்கு அவர் அவ்வளவு பொருத்தமானவராகவும் தெரியவில்லை. பிற்காலத்தில் வழங்கிய ஒரு கதை இது. தன் ஆசிரியர் பின்னியனிடம் இருந்த சங்கீத நூலை இரவிரவாக விழித்து இரகசியமாகப் பிரதி பண்ணினாராம். ஆசிரியர் பிரதி தனக்கே சொந்தம் என்றார். வழக்கு டயமட் மன்னனிடம் போனது. பசுவுடன் கன்று போவதுபோல நூலுடன் அதன் பிரதியும் போகும் என்று மன்னன் தீர்த்தான். பதிப்புரிமை பற்றிய பேச்சு வரும்போதெல்லாம் இந்தத் தீர்ப்பை இன்றும் எடுத்துக் காட்டுவார்கள். துறவி தீர்ப்பை ஏற்கவில்லை. அதைத் தொடர்ந்து 561ஆம் ஆண்டளவில் ஒரு போர் மூண்டு நிறைய உயிர்கள் போயின என்றும், அதற்குப் பிராயச்சித்தமாகவே அவர் பிறந்த நாட்டைவிட்டுப் போனார் என்றும் கதை முடிகிறது. கதை எவ்வளவு தூரம் மெய்யோ, 561இல் கூல் டிரெம்னே என்னுமிடத்தில் நடந்த போர் மெய். அவருடைய கையெழுத்து என்று மரபு சொல்லும் ஒரு சங்கீதச் சுவடி டப்ளினிலுள்ள றோயல் ஐரிஷ் அக்கடமியில் இன்றும் பேணப்படுகிறது. அதன் பெயர் கதாக், போரிடுவது என்று பொருள். குலத்தார் அதைப் போர்க்களத்துக்குத் தூக்கிச் செல்வார்களாம். ஒரு நூலுக்காக இரவெல்லாம் விழித்த மனிதர் மீது எனக்கு இரகசியமாக ஒரு பிரியம் வந்துவிட்டது என்பதையும் சொல்லிவிடுகிறேன். கலாசாலை நாட்களில் நூலகப் புத்தகங்களை இப்படிப் பிரதி பண்ணியவர்கள் நாங்கள்.

563இல் பன்னிரண்டு தோழர்களுடன் தோலால் போர்த்த படகில் கடலைக் கடந்து, ஸ்கொட்லாந்தின் மேற்குக் கரையருகே ஒரு சிறு தீவில் இறங்கி மடாலயம் அமைத்தார். 597இல் அங்கேயே காலமானார். எங்கள் காலக்கணக்கில் சொன்னால், அவர் படகேறியது நபி (ஸல்) அவர்கள் பிறப்பதற்கு ஏழெட்டு வருடங்களுக்கு முன். அவர் மறைந்தபோது நபியவர்களுக்கு இருபத்தாறு, இருபத்தேழு வயது. வஹி இறங்கத் தொடங்கியிருக்கவில்லை.

அவர் மறைந்து நூறு வருடங்களின் பின், அதே மடாலயத்தின் ஒன்பதாவது தலைவரான அடம்னான் அவருடைய சரிதையை எழுதினார். 713ஆம் ஆண்டுக்கு முன்பு எழுதப்பட்ட அதன் பிரதியொன்று சுவிற்சர்லாந்தில் ஷாப்ஹவுசன் நகரில் இருக்கிறது. முன்னுரையில் அடம்னான் பெயர் விளக்கம் தருகிறார். அந்த இடத்தில்தான் நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். லத்தீனில் கொலும்பா, கிரேக்கத்தில் பெரிஸ்தெரா, ஹீப்ரூவில் யோனா. மூன்றும் புறாவே என்கிறார். தன் தலைவர் யோனா என்ற நபியின் பெயரையே பெற்றவர் என்றும் சொல்கிறார். கொலும்பானுஸ் என்ற இன்னோர் ஐரிஷ் துறவியும், 613இல் ரோமாபுரிக்கு எழுதிய கடிதத்தில் தன் பெயரை வைத்து இதே விளையாட்டை விளையாடியிருக்கிறார்.

யோனா யார்? எங்கள் யூனுஸ் (அலை) அவர்கள். குர்ஆனின் பத்தாவது சூறாவுக்குப் பெயரானவர். மீன்வாசி என்ற பொருளில் துன்னூன் என்றும் அழைக்கப்படுபவர். மீனின் தோழர் என்று அவரைக் குறிப்பிடும் வசனம் எந்த சூறாவில் வருகிறது என்று தேடினேன். அறுபத்தெட்டாவது, சூறத்துல் கலம். எழுத்துக்கோலின் பெயர் கொண்ட சூறா அது. கேலிக் கலத்துக்கும் அரபுக் கலத்துக்கும் எந்த உறவும் கிடையாது. சத்தம் ஒன்றாக இருப்பது தற்செயல். இப்படியான தற்செயல்களைப் பிடித்துக்கொண்டு எல்லா மொழியும் ஒரே மொழி என்று நிறுவப் புறப்படுகிறவர்களை நான் நம்புவதில்லை. ஆனாலும் அன்றிரவு எனக்கு நித்திரை வரவில்லை.

தற்செயல் என்றதும் அந்தத் தீவின் பெயரையும் சொல்லவேண்டும். அதை இன்று அயோனா என்கிறார்கள். ஸ்கொட்லாந்தில் பெண் பிள்ளைகளுக்கு விரும்பி வைக்கும் பெயர் அது. அடம்னான் எழுதியது அயோனா அல்ல, அயோவா. பழைய கையெழுத்தில் லத்தீன் யூவும் என்னும் ஏறக்குறைய ஒரே மாதிரி இருக்கும். பிற்காலத்தில் பிரதி பண்ணிய யாரோ யூவை என்னாக வாசித்துவிட, புறாத் துறவியின் தீவுக்குப் புறாவின் ஹீப்ரூப் பெயரே வந்து பொருந்திவிட்டது. பிழை என்று தெரிந்தும் யாரும் திருத்தவில்லை. எங்கள் இடாப்பிலும் இந்த ரகம் உண்டு. பிறப்புச் சான்றிதழில் ஓர் எழுத்து மாறி விழுந்து, அந்தப் பிழையோடேயே பரீட்சை எழுதி, கலியாணம் முடித்து, பேரப்பிள்ளை கண்டவர்கள் ஊரில் இருக்கிறார்கள். அவர்களுக்கு அதுதான் பெயர்.

தேநீர்க் கடையில் இதைச் சொல்லிக்கொண்டிருந்தபோது ஒரு நண்பர், "அப்ப நம்மட கொழும்பும் புறாதானே?" என்றார். பலர் அப்படி நினைக்கிறார்கள். 1344இல் இங்கு வந்த இப்னு பதூதா அந்தப் பட்டினத்தைக் கலன்பூ என்று எழுதிவிட்டுப் போனார். போர்த்துக்கேயர் வந்ததோ பதினாறாம் நூற்றாண்டின் தொடக்கத்தில். பெயர் முன்னமே இங்கு இருந்தது. தங்கள் காதுக்குப் பழகிய கொலம்போவாக அதை அவர்கள் வளைத்துக்கொண்டார்கள். கண்டியில் சிறையிருந்த றொபர்ட் நொக்ஸ் 1681இல் வெளிவந்த தன் நூலில் மாமரத்தையும் அதன் இலையையும் காரணமாகச் சொல்கிறார். புறாவை யாரும் சொல்லவில்லை.

கலத்துக்கு உறவான இன்னொரு பெயரை நாமெல்லோரும் அறிவோம். மல்கம். பழைய கேலிக்கில் மைல் கொலும் என்று இரண்டு சொற்கள். கொலும்பாவின் அடியார் என்று பொருள். துறவியின் பெயரை நேராக வைக்கத் தயங்கியவர்கள் அப்படி வைத்தார்கள். ஸ்கொட்லாந்தை அந்தப் பெயரில் நான்கு மன்னர்கள் ஆண்டிருக்கிறார்கள். ஷேக்ஸ்பியரின் மக்பெத் நாடகத்தில் கொலையுண்ட மன்னனின் மகனாக வருபவன் அவர்களில் ஒருவன். மன்னனின் உடலை அடக்கக் கொண்டுபோவதும் கொலம் கில்லேயின் அதே தீவுக்குத்தான். அடிமை என்ற சொல்லை அல்லாஹ்வின் நாமங்களோடு மட்டுமே சேர்க்கும் நமக்கு மல்கம் என்பதன் பொருள் சற்று நெருடும்.

ஆயினும் அந்தப் பெயரில் ஒருவர் நம் வீடுகளுக்குள்ளும் வந்தார். மல்கம் எக்ஸ். 1925இல் மல்கம் லிற்றில் ஆகப் பிறந்தவர். லிற்றில் என்பது அடிமைகளின் எசமானர் தந்த பெயர் என்று அதை வீசிவிட்டு, தெரியாமற்போன ஆபிரிக்கப் பெயருக்கு அடையாளமாக எக்ஸ் என்ற எழுத்தை வைத்துக்கொண்டார். 1964இல் ஹஜ்ஜுக்குப் போய்வந்து எல்-ஹாஜ் மாலிக் எல்-ஷபாஸ் ஆனார். அடுத்த வருடம் சுட்டுக் கொல்லப்பட்டார். பெயரைப் பற்றி அவரளவு சிந்தித்தவர்கள் குறைவு. உலகமோ அவரை இன்னும் மல்கம் என்றே சொல்கிறது. அதற்குள் ஒரு துறவி இருப்பது யாருக்கும் ஞாபகமில்லை.

இவ்வளவையும் வைத்துக்கொண்டு ராத்தாவிடம் போவது இலேசாக இருக்கவில்லை. புறா என்று மட்டும் சொல்லிவிட்டு வரலாம் என்று மனைவி சொன்னா. எனக்கு அது சம்மதமில்லை. ஸ்கொட்லாந்தில் யாரும் பறவையை நினைத்து இந்தப் பெயரை வைத்துத் தொடங்கவில்லை. ஒரு கிறிஸ்தவத் துறவியை நினைத்தே வைத்தார்கள். அதை மறைத்தால் நாளை வேறொருவர் வாயிலிருந்து ராத்தாவுக்குத் தெரியவரும். எல்லாவற்றையும் சொன்னேன். புறாவையும், யூனுஸ் நபியையும், துறவியையும்.

ராத்தா கேட்டுக்கொண்டிருந்தா. தவ்ர் குகை வாசலில் கூடு கட்டிய புறாக்களின் கதையை அவவே எடுத்துச் சொன்னா. அந்த அறிவிப்புப் பலமானதல்ல என்று உலமாக்கள் சொல்வதை அந்த நேரத்தில் நான் சொல்லவில்லை. பிறகு கொஞ்ச நேரம் பேச்சில்லை.

"அதெல்லாம் நல்ல பேருதான் தம்பி. அவட வாப்பாட பேரு வைக்கத் தெரிஞ்சிருக்கு. இவண்ட வாப்பாட பேரு எங்க போச்சு?"

மச்சான் மௌத்தாகி ஒன்பது வருடம். மூத்த பேரனுக்கு அவருடைய பெயர் விழும் என்று ராத்தா யாரிடமும் சொல்லாமல் எண்ணியிருந்திருக்கிறா. எங்கள் வழக்கத்தில் தகப்பன் பெயர் முன்னுக்கு முதலெழுத்தாக நிற்கும். பிரித்தானியாவின் படிவத்தில் கடைசிப் பெயர்தான் குடும்பப் பெயராகும். ஆகவே மருமகனின் சொந்தப் பெயர் பிள்ளைக்குக் குடும்பப் பெயராகிவிட, முதலெழுத்தாக நின்ற மச்சான் அந்தத் தாளிலேயே இல்லாமற் போய்விட்டார். பள்ளிவாசலடியில் மார்க்கப் பிரச்சினையாகப் பேசப்பட்டது, வீட்டுக்குள் ஒரு விதவையின் துக்கமாக இருந்தது. லத்தீன் அகராதியில் இதற்கு மருந்தில்லை.

மருமகனிடம் இதை நான் தொலைபேசியில் சொன்னேன். அவனுக்கு அது தோன்றவேயில்லையாம். நெடுநேரம் பேசாமல் இருந்தான். மனைவியிடம் சொல்லியிருக்கிறான் போலும். இரண்டு கிழமைக்குப் பிறகு அவளே வீடியோவில் ராத்தாவைக் கூப்பிட்டு, தெரிந்த நாலு தமிழ்ச் சொற்களை வைத்துக்கொண்டு, மாமாவின் படம் ஒன்று கேட்டாளாம், பிள்ளையின் அறையில் வைக்க. ராத்தாவிடம் இருந்தது அடையாள அட்டைக்கு எடுத்த படம் மட்டும். அதைப் பெருப்பித்து அனுப்பினோம். பெயர் மாறவில்லை. ராத்தா இப்போது பேரனைப் புறாக்குஞ்சு என்று கூப்பிடுகிறா. ஓதும் கிதாபின் கடைசித் தாளில் துஆவுக்காகப் பிள்ளைகளின் பெயர்களை அரபெழுத்தில் எழுதி வைப்பது அவவின் வழக்கம். ஒருநாள் அந்தத் தாளை என்னிடம் நீட்டி, "கலமுக்கு எந்தக் காஃப் போடணும்? கலமுட காஃபா, கிதாபுட காஃபா?" என்று கேட்டா. கிதாபின் காஃப் என்றேன்.

பெயர் விடயத்தில் நம் மரபு எவ்வளவு நிதானமானது என்பதைப் பிறகுதான் ஆறுதலாக வாசித்தேன். கெட்ட பொருளுடைய பெயர்களை நபியவர்கள் மாற்றியிருக்கிறார்கள். மாறு செய்பவள் என்று பொருள்பட்ட ஆஸியாவை ஜமீலா ஆக்கினார்கள். கரடுமுரடு என்ற பொருளில் ஹஸ்ன் என்றிருந்தவருக்கு ஸஹ்ல், இலேசு என்று மாற்றச் சொன்னபோது, தகப்பன் வைத்த பெயரை மாற்றமாட்டேன் என்றார் அவர். தங்கள் குடும்பத்தில் அந்தக் கரடுமுரடு தங்கிவிட்டது என்று அவருடைய பேரர் ஸயீத் இப்னுல் முஸய்யப் பின்னாளில் சொன்னதாக புஹாரியில் வருகிறது. இவற்றுக்கு வெளியே, ஜாஹிலியாக் காலத்தில் வைத்த பெயர்களோடேயே எத்தனையோ ஸஹாபாக்கள் வாழ்ந்து மறைந்தார்கள்.

அவர்களில் ஒருவர் அபூஜஹ்லின் மகன் இக்ரிமா. தகப்பனைப் போலவே எதிரியாக நின்று போரிட்டவர். மக்கா வெற்றியின்போது யெமன் பக்கம் தப்பியோடி, மனைவி உம்மு ஹகீம் தேடிப்போய் அழைத்துவர, கலிமாச் சொன்னவர். ஷாம் போர்க்களத்தில் ஷஹீதானவர். அவருடைய பெயருக்கு என்ன பொருள் என்று அரபுக் கல்லூரியில் கற்பிக்கும் ஒரு மௌலவி நண்பரிடம் கேட்டேன். அவர் லிஸானுல் அறபை எடுத்துப் புரட்டினார். ஓரிடத்தில் விரலை வைத்தார். பிறகு சிரிக்கத் தொடங்கிவிட்டார்.

இக்ரிமா என்றால் பெண்புறா.

எங்கள் பாடசாலை இடாப்பில் இக்ரிமாக்கள் இருவர். எட்டாம் வகுப்பில் இருப்பவன் உதைபந்தாட்ட அணியின் கோல்காப்பாளன், சண்டைக்காரன். அவனைக் கூப்பிட்டு உன் பெயருக்கு என்ன அர்த்தம் தெரியுமா என்று கேட்டேன். பெரிய வீரரான ஒரு ஸஹாபியின் பெயர் என்றான். அகராதிப் பொருளைச் சொன்னேன். வகுப்பு கொல்லென்று சிரித்தது. அவன் கொஞ்சமும் அசையவில்லை.

"அவரு மாத்தல்ல தானே சேர்" என்றுவிட்டுப் போய்த் தன் கதிரையில் உட்கார்ந்துகொண்டான்.